கிடப்பில் போன விசாரணை: நீதிமன்றத்தில் காலக்கெடு கேட்பது எப்படி?

புகார் கொடுத்தாயிற்று. எப்.ஐ.ஆர். நகலும் கைக்கு வந்துவிட்டது. முதல் சில வாரங்கள் போலீஸார் வந்து போனார்கள். சம்பவ இடத்தைப் பார்த்து மகஜர் எழுதினார்கள். வீட்டில் உள்ளவர்களிடம் வாக்குமூலம் வாங்கினார்கள். அதற்குப் பிறகு ஓசையே இல்லை. ஸ்டேஷனுக்குப் போனால் “ஐயா பந்தோபஸ்துக்குப் போயிருக்காரு”, “லேபிலிருந்து ரிப்போர்ட் வரலை”, “இன்ஸ்பெக்டர் மாறிட்டாரு, புதுசா வந்தவர் ஃபைலைப் பார்க்கணும்” என்று ஒவ்வொரு முறையும் ஒரு பதில் கிடைக்கிறது. மாதங்கள் வருஷங்களாகின்றன. சாட்சிகள் ஊர் மாறிப் போகிறார்கள். எதிர்த்தரப்பு தெருவில் நிமிர்ந்து நடக்கிறது. இந்த அத்தியாயம் அந்த இடத்தில் நிற்பவர்களுக்காக எழுதப்பட்டது.

எடுத்த எடுப்பிலேயே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். “விசாரணை தாமதமாகிறது, வேகப்படுத்துங்கள்” என்று பொத்தாம்பொதுவாகக் கேட்டால் நீதிமன்றமும் பொத்தாம்பொதுவாகத்தான் ஆணையிடும். எந்த வேலை, எந்தத் தேதியிலிருந்து, யார் மேஜையில் நிற்கிறது என்று காட்டுகிறவருக்குத்தான் பயன்படும் ஆணை கிடைக்கும். ஆகவே வக்கீலைப் பார்ப்பதற்கு முன்பே நீங்கள் செய்ய வேண்டிய வேலை நிறைய இருக்கிறது.

எங்கே நிற்கிறது என்று முதலில் கண்டுபிடியுங்கள்

முதலில் போக வேண்டிய இடம் போலீஸ் ஸ்டேஷன் அல்ல. அந்த ஸ்டேஷன் எந்த மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தின் எல்லையில் வருகிறதோ அங்கே போங்கள். எப்.ஐ.ஆர். அந்த நீதிமன்றத்துக்குத்தான் அனுப்பப்பட்டிருக்கும். விசாரணை முடிந்தால் இறுதி அறிக்கையும் அங்கேதான் வரும். குற்ற எண்ணைச் சொல்லி, இறுதி அறிக்கை தாக்கலாகியிருக்கிறதா என்று கேளுங்கள். இ-கோர்ட்ஸ் இணையதளத்திலும் காவல் நிலையத்தின் பெயரையும் எப்.ஐ.ஆர். எண்ணையும் கொடுத்துத் தேடிப் பார்க்கலாம்.

இதை முதல் வேலையாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. குற்றப்பத்திரிகை தாக்கலாகியும் வழக்கு எண் விழாமல் கிடக்கும் வழக்குகள் ஏராளம். ஏதோ ஓர் ஆவணம் குறைகிறது, சாட்சிப் பட்டியலில் பிழை இருக்கிறது, எதிரிகளுக்குக் கொடுக்க வேண்டிய நகல்கள் போதவில்லை என்று நீதிமன்ற அலுவலகம் அதைத் திருப்பி அனுப்பும். திரும்பி வந்த கட்டு ஸ்டேஷன் அலமாரியிலேயே தூங்கும். ஸ்டேஷனில் கேட்டால் “சார்ஜ்ஷீட் போட்டாச்சு, கோர்ட்டில் கேளுங்க” என்பார்கள். கோர்ட்டில் கேட்டால் “ரிட்டர்ன் பண்ணியாச்சு” என்பார்கள். இரண்டு பேர் சொல்வதும் உண்மைதான். உங்கள் வழக்கு இந்த நிலையில் இருந்தால் விசாரணையை வேகப்படுத்தச் சொல்லிக் கேட்பது வீண். திருப்பப்பட்ட அறிக்கையைக் குறை நீக்கி இத்தனை நாளுக்குள் மறுபடி தாக்கல் செய்ய வேண்டும் என்றுதான் கேட்க வேண்டும். ஆகவே யார் “சார்ஜ்ஷீட் போட்டாச்சு” என்று சொன்னாலும் சி.சி. எண்ணைக் கேளுங்கள், செஷன்ஸ் நீதிமன்றத்துக்குப் போக வேண்டிய பெரிய குற்றமானால் பி.ஆர்.சி. எண்ணைக் கேளுங்கள். எண் இல்லையென்றால் வழக்கு இன்னும் நீதிமன்றக் கோப்பில் ஏறவில்லை.

இன்னொரு சாத்தியமும் உண்டு, இது கசப்பானது. போலீஸார் “பொருண்மைப் பிழை” என்றோ “துப்புத் துலங்கவில்லை” என்றோ எழுதி வழக்கை ஏற்கனவே முடித்திருக்கலாம். அப்படி முடித்தால் அதைத் தெரிவிக்கும் ஆர்.சி.எஸ். நோட்டீஸைப் புகார்தாரருக்குக் கொடுக்க வேண்டும். அந்த அறிக்கையை ஏற்பதற்கு முன்பு மாஜிஸ்திரேட்டும் புகார்தாரரை அழைத்துக் கேட்க வேண்டும் என்று பகவந்த் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1985-இல் தீர்ப்பளித்தது. நோட்டீஸே வராமல் வழக்கு மூடப்பட்டிருந்தால் உங்கள் வழி ஆட்சேப மனு. இந்த அத்தியாயத்தில் சொல்லப்படும் மனு அதற்கு உதவாது.

இரண்டும் இல்லை, விசாரணை உண்மையிலேயே நிலுவையில் இருக்கிறது என்று தெரிந்தால், எந்த இடத்தில் முட்டிக்கொண்டு நிற்கிறது என்று பாருங்கள். அடிதடி வழக்கானால் அரசு மருத்துவமனையிலிருந்து காயச் சான்றிதழ் வாங்கப்படாமல் இருக்கலாம். நிலமோசடி வழக்கானால் சார்பதிவாளர் அலுவலகத்து மூலப் பதிவேடுகளும் கையெழுத்து நிபுணரின் அறிக்கையும் பாக்கி இருக்கலாம். பணமோசடி வழக்கானால் வங்கிக் கணக்கு விவரங்கள். சந்தேக மரணங்களில் நடப்பதைக் குடும்பத்தார் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும். உள்ளுறுப்புகள் ரசாயனப் பரிசோதனைக்குத் தடய அறிவியல் ஆய்வகத்துக்குப் போகும். அங்கிருந்து அறிக்கை வந்துவிட்டால் வேலை முடிந்துவிடுவதில்லை. பிரேதப் பரிசோதனை செய்த மருத்துவர் அந்த அறிக்கையைப் பார்த்து, மரணத்துக்கு என்ன காரணம் என்று தம் இறுதிக் கருத்தை எழுதித் தர வேண்டும். ஆய்வக அறிக்கை வந்து சேர்ந்த பிறகும் இந்த இரண்டாவது தாளை வாங்க யாரும் போகாமல் வழக்கு நின்றுவிடுவது உண்டு. “லேப் ரிப்போர்ட் வரலை” என்ற பதிலை ஏற்றுக்கொண்டு திரும்பாமல், பொருள்கள் எந்தத் தேதியில் ஆய்வகத்துக்கு அனுப்பப்பட்டன என்று கேளுங்கள். அனுப்பவே இல்லை என்று அப்போது தெரியவரலாம்.

அரசு ஊழியர் எதிரியாக இருக்கும் வழக்கில் அரசின் அனுமதிக்காகக் காத்திருக்கிறோம் என்பார்கள். புதிய நடைமுறைச் சட்டத்தின் 218ஆம் பிரிவு இதற்கு 120 நாள் கெடு வைத்திருக்கிறது. அதற்குள் அரசு முடிவெடுக்காவிட்டால் அனுமதி கொடுத்ததாகவே கொள்ளப்படும்.

சட்டம் வைத்திருக்கும் கெடுக்கள்

2024 ஜூலை 1 முதல், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. அதன் 193ஆம் பிரிவுதான் நமக்கு முக்கியம். விசாரணையைத் தேவையற்ற தாமதமின்றி முடிக்க வேண்டும் என்கிறது அதன் முதல் உட்பிரிவு. பழைய சட்டத்தின் 173ஆம் பிரிவிலும் இதே வாசகம் இருந்தது. புதிதாக வந்திருப்பது புகார்தாரருக்கான ஓர் உரிமை: விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்பதைப் புகார்தாரருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ போலீஸ் அதிகாரி 90 நாளுக்குள் தெரிவிக்க வேண்டும். மின்னஞ்சலிலோ செல்பேசிக் குறுஞ்செய்தியிலோ தெரிவித்தாலும் போதும். பலருக்கு இப்படியோர் உரிமை இருப்பதே தெரியாது. தெரிந்து கேட்பவரிடம் பேசும் தொனி மாறுகிறது.

பாலியல் வன்கொடுமை வழக்குகளிலும், போக்சோ சட்டத்தின் 4, 6, 8, 10 ஆகிய பிரிவுகளில் வரும் வழக்குகளிலும், தகவல் பதிவான நாளிலிருந்து இரண்டு மாதத்துக்குள் விசாரணை முடிய வேண்டும். பட்டியல் சாதியினர், பழங்குடியினர் மீதான வன்கொடுமைகளுக்கு 1995-ஆம் ஆண்டு விதிகளின் 7ஆம் விதி பொருந்தும். டி.எஸ்.பி. பதவிக்குக் குறையாத அதிகாரி விசாரித்து, 60 நாளுக்குள் சிறப்பு நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்ய வேண்டும். தாமதமானால் அதற்கான காரணத்தை அவர் எழுத்தில் விளக்க வேண்டும். புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில் பட்டியல் சாதி மக்கள் குடிக்கும் மேல்நிலைத் தொட்டியில் மலம் கலக்கப்பட்டது 2022 டிசம்பரில் தெரியவந்தது. சிபிசிஐடி குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது 2025 ஜனவரியில். நாடே கவனித்த வழக்கில் விதிக்கும் நடப்புக்கும் இவ்வளவு தூரம் என்றால், யாரும் கவனிக்காத வழக்கில் நாம்தான் விதியை எடுத்து நீட்ட வேண்டும்.

கைதான எதிரி சிறையில் இருக்கும் வழக்குகளில் வேறொரு கெடு ஓடுகிறது. குற்றத்தின் தன்மையைப் பொறுத்து 60 அல்லது 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் எதிரிக்கு ஜாமீன் உரிமையாகவே கிடைத்துவிடும். பாதிக்கப்பட்ட குடும்பத்தார் இந்தத் தேதியை நாட்காட்டியில் குறித்து வைத்து, அது நெருங்குவதற்கு முன்பே எழுத்தில் நினைவூட்ட வேண்டும்.

சிறிய குற்றங்களுக்கு ஓர் எச்சரிக்கை. மூன்றாண்டு வரை மட்டுமே தண்டனை உள்ள குற்றங்களை நீதிமன்றம் கோப்பில் எடுப்பதற்குக் காலவரம்பு உண்டு: அபராதம் மட்டுமே என்றால் ஆறு மாதம், ஓராண்டு வரை சிறை என்றால் ஓராண்டு, அதற்கு மேல் மூன்றாண்டு வரை என்றால் மூன்றாண்டு. புதிய சட்டத்தின் 514ஆம் பிரிவு, இதைக் கணக்கிடும்போது தகவல் பதிவான நாளையே பார்க்க வேண்டும் என்று விளக்கியிருப்பதால் போலீஸின் தாமதம் உங்கள் தலையில் விழாது. ஆனால் 2024 ஜூலைக்கு முன்பு பதிவான வழக்குகளுக்குப் பழைய சட்டத்தில் இந்த விளக்கம் இல்லை. கெடு தாண்டி வந்த குற்றப்பத்திரிகையை ரத்து செய்யக் கேட்டு எதிர்த்தரப்பு வரும். தாமதத்தை மன்னிக்கும்படி நீதிமன்றத்தைக் கேட்க வேண்டி வரும். பழைய அடிதடி, மிரட்டல் வழக்கு வைத்திருப்பவர்கள் ஒரு நாளும் தள்ளிப் போடாதீர்கள்.

ஒரு கடிதம், ஒரு ரசீது

நீங்கள் பத்து முறை ஸ்டேஷனுக்கு நடந்திருக்கலாம். அதற்குத் தாள் இல்லையென்றால் நீதிமன்றத்தில் நடக்காததாகவே ஆகிவிடும். ஆகவே எழுதுங்கள். நீளம் வேண்டாம், கோபம் வேண்டாம். கீழே உள்ள மாதிரி போதும்.

“பெறுநர்: காவல் ஆய்வாளர், ______ காவல் நிலையம். பொருள்: குற்ற எண் ___/20__, விசாரணை நிலை தெரிவிக்கக் கோருதல். ஐயா, மேற்படி வழக்கின் புகார்தாரர் நான். வழக்கு ______ தேதியில் பதிவானது. 90 நாள் கடந்தும் விசாரணை நிலை எனக்குத் தெரிவிக்கப்படவில்லை. பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 193(3)ஆம் பிரிவின்படி அதைத் தெரிவிக்க வேண்டுகிறேன். குறிப்பாக, (1) கைப்பற்றிய பொருள்கள் எந்தத் தேதியில் தடய அறிவியல் ஆய்வகத்துக்கு அனுப்பப்பட்டன, (2) நான் பெயர் கொடுத்த சாட்சிகளில் யார் யாரிடம் வாக்குமூலம் பெறப்பட்டது, (3) இறுதி அறிக்கை எப்போது தாக்கலாகும் ஆகியவற்றைத் தெரிவிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.”

இதை விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்பி, சேர்ந்ததற்கான சான்றை வாங்கிக்கொள்ளுங்கள். இரண்டு மூன்று வாரம் பார்த்துவிட்டு, இதன் நகலை இணைத்து மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு எழுதுங்கள். மாநகரமானால் காவல் ஆணையருக்கு. எஸ்.பி. அலுவலகத்தில் மனு வாங்கும் நாளில் நேரிலும் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தபால் ரசீது, சேர்ந்ததற்கான சான்று, முத்திரையிட்ட நகல் மூன்றும் பின்னால் உங்கள் மனுவுக்கு இணைப்புகளாகும். எஸ்.பி.க்கு எழுதும் இந்தப் படியைத் தாண்டிக் குதிக்காதீர்கள். “மேலதிகாரியிடம் போனீர்களா?” என்பதுதான் நீதிபதி கேட்கப்போகும் முதல் கேள்வி.

தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்துடன் விண்ணப்பிப்பதும் சில சமயம் உதவும். விசாரணைக்கு இடையூறாகும் தகவலை மறுக்க 8(1)(எச்) பிரிவு இடம் தருகிறது. ஆகவே சாட்சி என்ன சொன்னார் என்று கேட்காதீர்கள். விசாரணை அதிகாரிகளாக யார் யார் எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை இருந்தார்கள், ஆய்வகத்துக்குக் கடிதம் போன தேதி என்ன என்பன போன்ற விவரங்களைக் கேளுங்கள். ஓராண்டில் ஐந்து பேர் மாறியிருக்கிறார்கள் என்ற பதில் கிடைத்தால், உங்கள் மனுவின் மிக வலுவான பத்தி அதுவாகத்தான் இருக்கும்.

மாஜிஸ்திரேட்டா, உயர் நீதிமன்றமா?

தமிழ்நாட்டில் பெரும்பாலோர் நேராக உயர் நீதிமன்றத்துக்குப் போகிறார்கள். வக்கீல்கள் அதை ‘டைரக்‌ஷன் பெட்டிஷன்’ என்பார்கள், கிரிமினல் ஓ.பி. என்று எண் விழும். புதிய சட்டத்தின் 528ஆம் பிரிவில் (பழையதில் 482) உயர் நீதிமன்றத்துக்கு உள்ள இயல்பான அதிகாரத்தின் கீழ் தாக்கலாகும் மனு அது. கன்னியாகுமரி, திருநெல்வேலி முதல் மதுரை, திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, கரூர் வரையிலான மாவட்டக்காரர்கள் மதுரைக் கிளைக்கும், மற்றவர்கள் சென்னைக்கும் போக வேண்டும்.

ஆனால் உங்கள் ஊர் மாஜிஸ்திரேட்டுக்கே இந்த அதிகாரம் உண்டு என்பதை மறந்துவிடக் கூடாது. ராணுவ மேஜர் ஒருவரின் உடல் 2003-இல் மதுரா ரயில் நிலையத்தில் கிடந்தது. மகன் கொல்லப்பட்டார் என்று நம்பிய தந்தை சகிரி வாசு, சிபிஐ விசாரணை கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். சிபிஐ விசாரணை கிடைக்கவில்லை. ஆனால் 2007 டிசம்பரில் வந்த அந்தத் தீர்ப்பு லட்சக்கணக்கானவர்களுக்கு உதவும் ஒன்றைச் சொன்னது: எப்.ஐ.ஆர். பதிவான பிறகும் விசாரணை முறையாக நடக்கவில்லை என்றால், 156(3)ஆம் பிரிவின் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் மனு கொடுக்கலாம். முறையான விசாரணைக்கு அவர் ஆணையிடலாம். விசாரணையைக் கண்காணிக்கவும் செய்யலாம். அந்த வழி இருக்கும்போது உயர் நீதிமன்றங்கள் இத்தகைய மனுக்களை ஊக்குவிக்கக் கூடாது. அந்த 156(3)தான் இப்போது 175(3). மாஜிஸ்திரேட் தாமே விசாரிக்க முடியாது. நடக்கும் விசாரணையின் நிலையைக் கேட்டு அறிக்கை வாங்கலாம், வழக்கு நாட்குறிப்பை வரவழைத்துப் பார்க்கலாம். அந்த நாட்குறிப்பு உங்கள் கைக்கு வராது. ஆனால் அதில் பல மாதங்களாக ஒரு பதிவும் இல்லை என்பதை நீதிபதியின் கண் பார்த்துவிடும்.

என் கருத்து இது: சாதாரணத் தாமதத்துக்கு மாஜிஸ்திரேட் நீதிமன்றமே மேல். பக்கத்தில் இருக்கிறது, செலவு குறைவு, விசாரணை அதிகாரி அந்த நீதிமன்றத்துக்கு எப்படியும் வந்து போகிறவர். ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவர் பதில் சொல்ல வேண்டியிருக்கும். இந்த மனுவுடன் பிரமாணப் பத்திரம் கட்டாயம். எஸ்.பி.க்கு எழுதிய சான்றும் வேண்டும். உள்ளூரில் செல்வாக்குள்ளவர்கள் எதிரிகளாக இருந்தாலோ, போலீஸ்காரரே எதிரியாக இருந்தாலோ, மாஜிஸ்திரேட்டிடம் போட்ட மனுவும் மாதக்கணக்கில் நகராவிட்டாலோ உயர் நீதிமன்றம் போங்கள். அப்போது “கீழே முயன்று பார்த்தோம்” என்று சொல்ல உங்களிடம் தாள் இருக்கும்.

விரைவான விசாரணை கேட்கும் உரிமை புகார்தாரருக்கு மட்டும் உரியதல்ல. விரைவு நீதி அரசியல் சாசனத்தின் 21ஆம் பிரிவில் அடங்கும் என்றும், அது புலன்விசாரணைக் கட்டத்துக்கும் பொருந்தும் என்றும் 1991-இல் அந்துலே வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொன்னது. அது குற்றம் சாட்டப்பட்டவர் தரப்பில் எழுந்த வழக்கு. பொய்ப் புகாரில் பெயர் சேர்ந்து, வேலைக்கும் வெளிநாட்டுப் பயணத்துக்கும் தடையாக வருஷக்கணக்கில் எப்.ஐ.ஆர். தொங்குகிறவர்களும் இறுதி அறிக்கைக்குக் கெடு கேட்டு மனுப் போடலாம்.

மனுவில் என்ன இருக்க வேண்டும்?

நல்ல மனுவின் உயிர் அதன் தேதிப்பட்டியல். சம்பவ நாள், புகார் நாள், எப்.ஐ.ஆர். எண்ணும் பிரிவுகளும், கைது நடந்திருந்தால் அந்த நாள், கடைசியாக உங்களிடம் போலீஸார் வந்த நாள், நீங்கள் எழுதிய கடிதங்களின் நாள், கிடைத்த பதில்கள். இரண்டு பக்கத்துக்கு மேல் போக வேண்டாம். அதைத் தொடர்ந்து, செய்யாமல் விடப்பட்ட வேலைகளை ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள்: இன்ன சாட்சியை விசாரிக்கவில்லை, இன்ன கடையின் சிசிடிவி பதிவைக் கைப்பற்றவில்லை, இன்ன ஆவணத்தை ஆய்வுக்கு அனுப்பவில்லை. சிசிடிவி பதிவுகள் சில வாரங்களில் தாமாக அழிந்துவிடும் என்பதால், அப்படி ஒன்று இருந்தால் மாதக்கணக்கில் காத்திருக்காமல் முதல் வாரமே எழுத்தில் கேளுங்கள். நீதிமன்றத்துக்கும் உடனே போங்கள்.

வேண்டுதல் பத்தியில்தான் பலர் சறுக்குகிறார்கள். “குற்றவாளிகளைக் கைது செய்ய உத்தரவிட வேண்டும்” என்று எழுதினால் பெரும்பாலும் எடுபடாது. யாரைக் கைது செய்வது என்பது விசாரணை அதிகாரியின் முடிவு என்று நீதிமன்றம் விலகிக்கொள்ளும். இந்தக் கட்டத்தில் எதிரிகளை எதிர்மனுதாரராகச் சேர்ப்பதும் பொதுவாகத் தேவையில்லை. காவல் ஆய்வாளரையும் அவருக்கு மேலுள்ள அதிகாரியையும் சேர்த்தால் போதும். இன்ஸ்பெக்டர் லஞ்சம் வாங்கிவிட்டார் என்று சான்றில்லாமல் எழுதாதீர்கள். அதை மறுத்துப் பேசுவதிலேயே வாய்தா போய்விடும். தாமதம் என்ற கேள்வி பின்னுக்குப் போகும். வேண்டுதல் இப்படி இருக்கட்டும்: “குற்ற எண் ___/20__ வழக்கின் விசாரணையை, மனுவின் __ஆம் பத்தியில் சொன்ன சாட்சிகளையும் ஆவணங்களையும் கருத்தில் கொண்டு நடத்தி, இந்நீதிமன்றம் விதிக்கும் காலத்துக்குள் இறுதி அறிக்கை தாக்கல் செய்யும்படி எதிர்மனுதாரருக்கு ஆணையிட வேண்டுகிறேன்.”

சாட்சிகளையும் ஆவணங்களையும் சுட்டும் அந்த நடுத்தொடரை விட்டுவிடாதீர்கள். கெடு நெருங்கியதும் கையில் இருப்பதை வைத்து “பொருண்மைப் பிழை” என்று எழுதி வழக்கை மூடிவிடும் ஆபத்து உண்மையானது. வேகத்தை மட்டும் கேட்டால் வேகம் மட்டுமே கிடைக்கும். என்னென்ன செய்ய வேண்டும் என்பது மனுவிலும், முடிந்தால் ஆணையிலும் ஏறியிருந்தால், பின்னால் ஆட்சேப மனுப் போடும்போது “இதைச் செய்யாமலே மூடிவிட்டார்கள்” என்று ஒரே வரியில் காட்டிவிடலாம்.

முதல் வாய்தாவில் அரசுத் தரப்பு வக்கீல் போலீஸிடம் விவரம் கேட்க நேரம் வாங்குவார். அடுத்த வாய்தாவில் “விசாரணை நடந்துகொண்டிருக்கிறது, மூன்று மாதத்தில் முடித்துவிடுவோம்” என்பார். அதைப் பதிவு செய்துகொண்டு மனுவை முடித்துவைப்பதுதான் வழக்கம். இந்த இடத்தில் உங்கள் வக்கீல் இரண்டு காரியம் கேட்கலாம். எந்த வேலை பாக்கி இருக்கிறது என்பதை எழுத்தில், நிலை அறிக்கையாகத் தாக்கல் செய்யச் சொல்லலாம். மனுவை உடனே முடிக்காமல், ஆணை நிறைவேறியதா என்று பார்க்க ஒரு தேதி போடச் சொல்லலாம். இரண்டாவதற்கு நீதிமன்றம் எப்போதும் சம்மதிக்காது. கேட்காமல் விட்டால் கிடைக்கவே கிடைக்காது.

விசாரணையை வேறு கைக்கு மாற்றக் கேட்பது

சிபிசிஐடிக்கோ சிபிஐக்கோ மாற்றுங்கள் என்று எடுத்தவுடன் கேட்பது பெரும்பாலும் தோற்கும். மாஜிஸ்திரேட்டுக்கு சிபிஐயை ஏவும் அதிகாரம் கிடையாது. உயர் நீதிமன்றத்துக்கு உண்டு; ஆனால் அது அரிதாகவே பயன்படுத்த வேண்டிய அதிகாரம் என்று 2010-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு எச்சரித்திருக்கிறது. 2020-இல் சாத்தான்குளம் தந்தை, மகன் காவல் மரண வழக்கில் மதுரைக் கிளை தானாகவே முன்வந்து எடுத்துக்கொண்டு, சிபிஐ பொறுப்பேற்கும் வரை காத்திருக்காமல் சிபிசிஐடியை உடனே இறக்கியது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் அந்த ஸ்டேஷன் போலீஸாரே என்பதால் அது நடந்தது. தாமதம் மட்டும் காரணமாக மாற்றக் கேட்பவர்கள் திருச்சியில் 2012 மார்ச்சில் நடந்த, அப்போது முன்னாள் அமைச்சராக இருந்த ஒருவரின் சகோதரர் கொலை வழக்கையும் நினைத்துப் பார்க்க வேண்டும். உள்ளூர் போலீஸிடமிருந்து சிபிசிஐடிக்கும், நீதிமன்ற ஆணையால் சிபிஐக்கும், பிறகு 2022-இல் சிறப்புப் புலனாய்வுக் குழுவுக்கும் அது போனது. கை மாறும்போதெல்லாம் புதிதாக வருகிறவர் முதல் பக்கத்திலிருந்து படிக்க வேண்டும். அந்தக் காலமும் உங்கள் கணக்கில்தான் சேரும்.

ஆணை வந்த பிறகு

உயர் நீதிமன்ற ஆணைகளில் வழக்கமாக “இந்த ஆணையின் நகல் கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள்” என்ற வாசகம் இருக்கும். நகல் கிடைத்த நாளிலிருந்துதான் கெடு ஓடத் தொடங்கும். ஆணை வந்துவிட்டது என்று வீட்டில் மகிழ்ந்திருந்துவிட்டு நகலைக் கொண்டுபோய்ச் சேர்க்காதவர்கள் பலர். சான்றிட்ட நகலுக்கு அன்றே விண்ணப்பியுங்கள். கிடைத்ததும் விசாரணை அதிகாரிக்கும் எஸ்.பி.க்கும் விரைவுத் தபாலில் அனுப்புங்கள். நேரிலும் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். மாஜிஸ்திரேட் நீதிமன்றக் கோப்பிலும் ஒரு நகல் சேரட்டும். ஒப்புகையில் உள்ள தேதியிலிருந்து நாளை எண்ணுங்கள்.

கெடு முடிவதற்குச் சுமார் ஒரு மாதம் முன்பு ஒரு நினைவூட்டுக் கடிதம் போதும். போலீஸார் அவகாசம் நீட்டிக்கக் கேட்டு மனுப் போட்டால் அதை எதிர்த்தே ஆக வேண்டும் என்பதில்லை. இதுவரை என்ன முடிந்தது, எது பாக்கி என்று அவர்களே எழுதிக்கொடுத்தால், அது உங்களுக்கும் பயன்படும் ஆவணம். கெடு முடிந்தும் ஒன்றும் நடக்கவில்லை என்றால் வக்கீல் நோட்டீஸ் அனுப்புங்கள். அதற்கும் பதில் இல்லையென்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு. அவமதிப்பு நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் அதைப் போட்டுவிட வேண்டும். 1971-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 20ஆம் பிரிவு வைத்திருக்கும் வரம்பு அது. அவமதிப்பு நோட்டீஸ் போனதும் சில வாரங்களில் இறுதி அறிக்கை தாக்கலாகிவிடுவது வழக்கம். அது குற்றப்பத்திரிகையா, வழக்கை முடிக்கும் அறிக்கையா என்று பார்த்த பிறகே அவமதிப்பு மனுவை முடிக்கச் சம்மதியுங்கள்.

குற்றப்பத்திரிகையில் முக்கியமான எதிரியோ ஆதாரமோ விடுபட்டிருந்தால் மேல்விசாரணை கேட்கலாம். குற்றச்சாட்டு வனையப்படும் வரை மாஜிஸ்திரேட்டுக்கு அந்த அதிகாரம் உண்டு என்று 2019-இல் வினுபாய் மாளவியா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. விடுபட்டதைப் பட்டியலிட்டு அந்தக் கட்டத்துக்குள் கேட்டுவிடுங்கள்.

பணம் இல்லையென்றால்

வக்கீல் கட்டணத்துக்குப் பயந்து நின்றுவிடாதீர்கள். பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோர் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் 1987-ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி இலவச வக்கீல் பெறலாம். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் அலுவலகம் இருக்கிறது. உயர் நீதிமன்ற மனுக்களுக்குச் சென்னையிலும் மதுரையிலும் உயர் நீதிமன்றச் சட்டப்பணிகள் குழு இருக்கிறது. கட்டணமில்லாத் தொலைபேசி எண் 15100. அங்கே போகும்போது எப்.ஐ.ஆர். நகல், தேதிப்பட்டியல், தபால் ரசீதுகள், எஸ்.பி. அலுவலக முத்திரையிட்ட நகல் நான்கையும் எடுத்துச் செல்லுங்கள். இவை கையில் இருந்தால் உங்களுக்கு ஒதுக்கப்படும் வக்கீல் அன்றே மனுவை எழுதத் தொடங்கலாம்.